மீடியன் முடிகிற இடம்

தீபாவளிக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் பனகல் பார்க்கைச் சுற்றிக்கொண்டு உஸ்மான் ரோட்டுக்குள் நுழைந்து, ஒரு கீறல்கூட இல்லாமல் வெளியே வந்தவனுக்கு ஓட்ட முடியாத ரோடே கிடையாது என்று இருபத்தைந்து வருஷம் நம்பிக்கொண்டிருந்தேன். நான் கார் ஓட்டக் கற்றது மயிலாப்பூரில். லஸ் முனையில் தொடங்கி கச்சேரி ரோடு, மாட வீதிகள் என்று ஒரு வட்டம். ஆட்டோவுக்கும் தண்ணி லாரிக்கும் நடுவில் கார் அகலத்துக்கு மேல் நாலு விரற்கடை இருந்தால் போதும், நுழைத்துவிடுவேன். மனைவி கண்ணை மூடிக்கொள்வாள். எனக்கு அதுவும் ஒரு பாராட்டாகத்தான் பட்டது.

அந்த நம்பிக்கை சேத்தியாத்தோப்புக்குப் பக்கத்தில் ஒரு தை மாதக் காலையில் உடைந்தது.

எங்கள் பூர்வீகம் திருப்பனந்தாளுக்குப் பக்கத்தில் ஒரு கிராமம். பொங்கலுக்கு ஊருக்குப் போவதென்றால் விக்கிரவாண்டி வரை திருச்சி நெடுஞ்சாலை. அங்கே இடது பக்கம் ஒடித்தால் பண்ருட்டி, வடலூர், சேத்தியாத்தோப்பு, மீன்சுருட்டி, அணைக்கரை. நான் சொல்வது அந்தத் தடத்தில் நாலுவழிச் சாலை வருவதற்கு முந்தைய கதை. போக ஒரு தடம், வர ஒரு தடம், நடுவில் பாதி அழிந்த வெள்ளைக் கோடு, இரண்டு பக்கமும் புளியமரம். வழிநெடுக ஆள் உயரக் குழாய் ஒன்று கூடவே வரும். 2004-இலிருந்து வீராணம் ஏரித் தண்ணீர் சென்னைக்குப் போகிற குழாய். நாங்கள் ஊருக்குப் போக, தண்ணீர் எதிர்த்திசையில் பட்டணத்துக்குப் போகும். அதற்கு மட்டும் தனி வழி.

கண் ஆபரேஷனுக்காக வந்து ஒரு மாதம் எங்களோடு தங்கியிருந்த சித்தப்பாவை அன்றைக்குக் கூட்டிக்கொண்டு போய்க்கொண்டிருந்தேன். முப்பது வருஷம் பஸ் ஓட்டியவர். முன் ஸீட்டில் வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தார். எங்களுக்கு முன்னால் நெல் மூட்டை ஏற்றிய லாரி ஒன்று. வடலூர் தாண்டியதிலிருந்து அதன் பின்னாலேயே உருட்டிக்கொண்டிருந்ததில் எனக்குப் பொறுமை போய்விட்டது. ஹாரன் அடித்தேன். லாரியின் வலது பக்க இண்டிகேட்டர் எரிந்தது. ‘எதிரே யாரும் இல்லை, போய்க்கோ’ என்று சொல்கிறான் என நினைத்தேன். நெடுஞ்சாலையில் லாரிக்காரர்கள் அப்படிச் சொல்வதை எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன். ஆக்ஸிலேட்டரை மிதித்து வலது பக்கம் ஏறினேன்.

அவன் சொன்னது அதுவல்ல. வலது பக்கம் இருந்த ரைஸ் மில்லுக்குள் திரும்பத்தான் இண்டிகேட்டர் போட்டிருந்தான்.

லாரியின் மூக்கு என் முன்னால் வந்தது. பிரேக்கை மிதித்துக்கொண்டே இன்னும் வலது பக்கம் ஒடித்தேன். ரோட்டில் உளுந்துச் செடி காயப் போட்டிருந்தார்கள், சுற்றிக் கல் அடுக்கி. டயர் அதன்மேல் வழுக்கி, கல்லில் முட்டி நின்றது. நிமிர்ந்து பார்த்தால் எதிரே ஒரு பஸ். எனக்காகவே நின்றிருந்தது. டிரைவர் திட்டவில்லை, ஹாரன்கூட அடிக்கவில்லை. ஸ்டியரிங்மேல் கையை மடக்கி வைத்துக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பட்டணத்தில் வாங்கிய எந்த வசவும் அந்தப் பார்வை மாதிரி உறைத்ததில்லை.

காரை ஓரங்கட்டி, கை நடுக்கம் நின்ற பிறகு சித்தப்பா பேசினார்.

“பட்டணத்துல நீ நல்லாத்தான் ஓட்டுற தம்பி. அங்க எல்லாரும் ஒரே பக்கமாப் போறான். இங்க எதுத்தாப்புல ஒருத்தன் வரான்ல.”

அதற்குமேல் ஊர் போகும்வரை ஒன்றும் சொல்லவில்லை.

அவர் சொன்னதை யோசிக்க யோசிக்க எனக்கு வெட்கமாக இருந்தது. அண்ணா சாலையில் மீடியன். சர்தார் படேல் ரோட்டில் மீடியன். மீடியன் இல்லாத தெருவா, ஒருவழிப் பாதை. மாட வீதியில் எதிரே வண்டி வரும்தான், ஆனால் மாட்டு வண்டி வேகத்தில். இடித்தாலும் பம்பர் நசுங்கும், நாலு பேர் கூடுவார்கள், பேரம் நடக்கும். எதிரே எழுபது, எண்பது கிலோமீட்டர் வேகத்தில் ஒருவன் வருகிறான், அவன் எவ்வளவு தூரத்தில் இருக்கிறான், எத்தனை நொடியில் இங்கே இருப்பான் என்று கணக்குப் போட வேண்டிய அவசியமே மயிலாப்பூர்க்காரனுக்கு வருவதில்லை. அங்குலக் கணக்கில் கைதேர்ந்தவன் நான். மீட்டர் கணக்கில் எழுத்தறிவு இல்லாதவன். திண்டிவனம் தாண்டியும் மீடியன் கூடவே வந்து என் அறியாமையைக் காப்பாற்றிக்கொண்டிருந்தது. விக்கிரவாண்டியில் அது முடிந்தது.

ஊரில் அன்று ராத்திரி திண்ணையில் உட்கார்ந்து கணக்குப் போட்டுப் பார்த்தேன். முன்னால் லாரி ஐம்பதில் போகிறது, நான் எண்பதில் தாண்டுகிறேன் என்று வையுங்கள். பின்னால் விட்ட இடைவெளி, லாரியின் நீளம், தாண்டிய பிறகு விட வேண்டிய இடைவெளி எல்லாம் சேர்த்து லாரியைவிட நான் அறுபது மீட்டர் அதிகம் போயாக வேண்டும். அதற்கு ஏழு நொடி. அந்த ஏழு நொடியில் என் கார் ஓடுவது நூற்றைம்பது மீட்டருக்கு மேல். எதிரே வருகிறவனும் எண்பதில் வந்தால் அவனும் அதே அளவு ஓடியிருப்பான். ஆக, நான் வெளியே வருகிற நொடியில் கண்ணுக்கு எட்டியவரை முன்னூறு மீட்டருக்கு மேல் காலியாக இருக்க வேண்டும். அதுவும் இருவரும் உரசாமல் தப்பிக்க மட்டும். நிதானமாகத் திரும்பி வர நானூறாவது வேண்டும். கபாலி கோயில் தெப்பக்குளத்தின் நீளம் 190 மீட்டர். அப்படி இரண்டு குளம். நான் எத்தனை தடவை அரைக் குளத்தை வைத்துக்கொண்டு ஏறியிருக்கிறேன் என்று நினைத்தபோது சோறு இறங்கவில்லை.

அதே லாரியின் பின்னால் பொறுமையாக ஐந்து கிலோமீட்டர் போயிருந்தால் என்ன நஷ்டம்? ஐம்பதில் ஆறு நிமிஷம். எண்பதில் மூன்றே முக்கால் நிமிஷம். மிச்சம் இரண்டேகால் நிமிஷம். தி.நகரில் ஒரு சிக்னலில் அதைவிட அதிக நேரம் நின்றுவிட்டு, ஒன்றும் ஆகாதவன் மாதிரி போத்தீஸ் வாசலில் பார்க்கிங் தேடியிருக்கிறேன்.

பழைய டிரைவர்கள் ஓவர்டேக் என்று சொல்வதில்லை. ‘சைடு வாங்குவது’ என்பார்கள். கேட்டு வாங்குகிற சமாச்சாரம் அது. ஹாரன் அடித்துக் கேட்க வேண்டும், முன்னால் போகிறவன் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் பின்னாலேயே போக வேண்டும். ஒரு காலத்தில் கிளீனர் பையன் கையை வெளியே நீட்டி ‘வா வா’ என்றோ ‘இரு’ என்றோ காட்டுவான். அந்தக் கைக்கு ஒரு அர்த்தம்தான். இண்டிகேட்டர் வந்து அதைக் குழப்பிவிட்டது. வலது விளக்கு திரும்பவும் எரியும், சைடு கொடுக்கவும் எரியும். எது எது என்று கண்டுபிடிக்க எனக்குத் தெரிந்து ஒரே வழிதான்: அவன் வேகம் குறைகிறதா, வலது பக்கம் மில்லோ பெட்ரோல் பங்க்கோ சந்தோ வருகிறதா என்று பார்ப்பது. சந்தேகம் இருந்தால் அவன் திரும்புகிறான் என்றே வைத்துக்கொள்வேன். லைட் அடிப்பதும் அப்படித்தான். எதிரே வருகிறவன் இரண்டு தடவை ஹெட்லைட்டை அடித்தால் ‘நீ வா’ என்று பட்டணத்துக்காரன் நினைக்கிறான். நம் ரோட்டில் அதற்கு ‘நான் வந்துவிட்டேன், நீ அங்கேயே நில்’ என்று அர்த்தம்.

அதற்கப்புறம் சித்தப்பா இருந்த வரைக்கும் ஒவ்வொரு பொங்கலுக்கும் அவரிடம் பாடம் கேட்டேன். கேட்டால்தான் சொல்வார். தாரின் விளிம்பு பற்றி ஒரு தடவை சொன்னார். தார் மேல் தார் போட்டுப் போட்டு ரோடு உயர்ந்து, மண் தாழ்ந்துபோயிருக்கும். எதிரே வருகிற பஸ்ஸுக்கு ஒதுங்கும்போது இடது டயர் ‘தொபுக்’கென்று மண்ணில் இறங்கும். பதறிப்போய் ஸ்டியரிங்கை வலது பக்கம் வெட்டினால், டயர் விளிம்பில் ஏறிய வேகத்தில் வண்டி எதிர்ப்பக்கம் பாயும். “இறங்கினா இறங்கட்டும். காலை எடு. வேகம் கொறஞ்சப்புறம் நிதானமா ஏறு. மண்ணு ஒன்னும் கடிக்காது.” ராத்திரி எதிர் வெளிச்சம் கண்ணைக் கூசினால் இடது ஓரத்து வெள்ளைக் கோட்டைப் பார்த்துக்கொண்டே போ என்றார். கோடு இல்லாத இடத்தில்? வெள்ளையும் கறுப்புமாகப் பட்டை அடித்த புளியமரத்தைப் பார். மரமும் இல்லாவிட்டால் நிறுத்திவிட்டு டீ சாப்பிடு.

ஊர் ரோட்டுக்கு ஒரு பஞ்சாங்கம் உண்டு. தை, மாசியில் அது பாதி ரோடு, பாதி களம். உளுந்து, எள், கொள்ளு என்று எதையாவது பரப்பி வைத்து, நம் டயரிலேயே தாளடித்துக்கொள்வார்கள். தானியத்தை மாலையில் அள்ளிக்கொண்டு போவார்கள். சுற்றி வைத்த கல் சில சமயம் அங்கேயே தங்கிவிடும். இருட்டில் பைக்கில் வருகிறவனை அது காவு வாங்கும். குற்றம் சொல்வதற்கு முன்னால், அவர்களுக்கு உலர்களம் எத்தனை ஊரில் இருக்கிறது என்றும் கேட்க வேண்டும். அதே மாதங்களில் கரும்பு டிராக்டர். பின்னால் சிவப்பு விளக்கு இருக்காது. கரும்பு இரண்டு பக்கமும் நீட்டிக்கொண்டிருக்கும். விடியற்காலையில் பனி. நாலு மணிக்கு ஸ்கூல் விட்ட பிள்ளைகள், நிற்கிற பஸ்ஸுக்கு முன்பக்கமாக ஓடிக் கடப்பார்கள். பொழுது சாய்ந்தால் மாடு வீடு திரும்பும். மாட்டுக்கு நம் வேகம் தெரியாது, வழி மட்டும் தெரியும். விளக்கு வைத்த பிறகு கொஞ்ச தூரத்துக்கு மனிதர்களும் அப்படித்தான் நடப்பார்கள். நெடுஞ்சாலையிலிருந்து 500 மீட்டருக்குள் மதுக்கடை கூடாது என்று 2016 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. தமிழ்நாட்டு வழக்கறிஞர் ஒருவர் தொடுத்த வழக்கும் அதில் அடக்கம். சின்ன ஊர்களுக்கு அதைப் பிறகு 220 மீட்டராகக் குறைத்தார்கள். கடை தள்ளிப் போனது. குடித்தவர் வீட்டுக்கு வருவது என்னவோ இதே ரோட்டில்தான்.

மத்திய அரசின் 2022-ஆம் ஆண்டுக் கணக்குப்படி இந்தியாவில் சாலை விபத்தில் இறந்தவர்கள் 1,68,491 பேர். விபத்துகளின் எண்ணிக்கையில் முதலிடம் தமிழ்நாட்டுக்கு: 64,105. இறந்தவர்களில் நூற்றுக்கு 68 பேர் கிராமப்புறத்தில் இறந்தவர்கள். நெரிசலைப் பார்த்துப் பயப்படுகிற நாம், காலியான ரோட்டைப் பார்த்ததும் நிம்மதியாக மூச்சு விடுகிறோம். அந்த ரோட்டில் அடிபட்டால் ஆஸ்பத்திரியும் பக்கத்தில் இருக்காது. ஒன்று மட்டும் தெரிந்துவைத்துக்கொள்ளுங்கள். 2021 டிசம்பரில் தொடங்கிய ‘இன்னுயிர் காப்போம்’ திட்டத்தில், தமிழ்நாட்டு எல்லைக்குள் விபத்தில் சிக்கிய யாருக்கும், எந்த ஊர்க்காரராக இருந்தாலும், முதல் 48 மணி நேரச் சிகிச்சை இலவசம். பட்டியலில் உள்ள தனியார் மருத்துவமனையிலும்தான். அடிபட்டவரைத் தூக்கிக்கொண்டு போகிறவரைப் போலீஸ் அலைக்கழிக்கக் கூடாது என்பதும் இப்போது சட்டம். 108-க்குப் போன் போட்டுவிட்டுக் கூட நிற்கலாம்.

அணைக்கரையைப் பற்றிச் சொல்லாமல் இந்தக் கதை முடியாது. கொள்ளிடத்தின் குறுக்கே 1836-இல் கட்டிய கீழணை. அதன் மேலேயே பாலம். குறுகல். எதிரே ஒரு வண்டி ஏறிவிட்டால் நாம் கரையில் நிற்க வேண்டியதுதான். அங்கே யாரும் முண்டி நான் பார்த்ததில்லை. கார்க்காரர் எஞ்சினை அணைத்துவிட்டு இறங்கி மதகில் விழுகிற தண்ணீரை வேடிக்கை பார்ப்பார். நானும் பார்த்திருக்கிறேன், சின்ன வயசிலிருந்து. அந்த இடத்தில் காத்திருக்கத் தெரிந்த எனக்கு, சேத்தியாத்தோப்புப் பக்கத்தில் ஏன் தெரியவில்லை? பாலத்தில் கைப்பிடிச் சுவர் இருக்கிறது, ரோட்டில் வெறும் கோடு இருக்கிறது. அவ்வளவுதான் வித்தியாசம்.

இப்போது சேத்தியாத்தோப்பிலிருந்து சோழபுரம் வரை ஐம்பது கிலோமீட்டர் நாலுவழிச் சாலை ஆகிவிட்டது. 2025 ஜூலையில் திறந்தார்கள். கொள்ளிடத்தில் ஒரு கிலோமீட்டர் நீளத்துக்குப் புதுப் பாலம்; கீழணைப் பக்கம் போக வேண்டிய அவசியமே இல்லை. நல்ல காரியம், நான் புளியமரங்களுக்காக அழப்போவதில்லை. ஆனால் மீடியன் முடிகிற இடம் எங்கள் ஊருக்கு இன்னும் கிட்டே வந்திருக்கிறது, அவ்வளவுதான். நூறில் வந்து பழகின கால், கிராமத்துக்குப் பிரிகிற ரோட்டில் திரும்பியதும் சட்டென்று நாற்பதுக்கு வராது. ஊர் வந்துவிட்டது என்ற அலட்சியம் வேறு. போன பொங்கலுக்கு என் பிள்ளைதான் ஓட்டினான். பிரிகிற இடத்தில் வண்டியை நிறுத்தச் சொன்னேன்.

“எதுக்குப்பா?”

“டீ குடிச்சிட்டுப் போலாம்.”

“வீட்டுக்கு அஞ்சு கிலோமீட்டர்தானே இருக்கு?”

“அதுக்குத்தான்.”

இறங்கினான். கடைக்கு எதிரே ரோட்டில் யாரோ உளுந்து காயப் போட்டிருந்தார்கள்.