கான்கெழு மலை

அண்மையில் ஒரு வைகறைப் பொழுதில் திருவண்ணாமலை மலையைச் சுற்றி நடந்தோம். 14 கிலோமீட்டர் வழி அது. செங்கம் சாலையை விட்டு வலப்புறம் திரும்பியதும் நகரின் ஆரவாரம் அடங்கிற்று. சரிவிலிருந்து பச்சிலை மணம் தவழ்ந்து வந்தது. உடன் வந்த தமிழாசிரியர், "இதைத்தான் நம் முன்னோர் 'கான்கெழு' என்றனர்" என மொழிந்தார்.

இன்று எவர் நாவிலும் வழங்காத அடைமொழி இது. சங்கப் புலவர்கள் மலைநாட்டுத் தலைவனைக் 'கான்கெழு நாடன்' என்று போற்றினர். 'கான்' என்பது காடு. நறுமணம் என்றும் அதற்குப் பொருள் உண்டு. 'கெழு' என்பது பொருந்திய, நிறைந்த எனப் பொருள்படும். தொல்காப்பியமோ அச்சொல்லுக்கு 'நிறம்' என்று பொருள் கூறும். நெடுநாள் நட்பினால் வரும் உரிமையைத் திருவள்ளுவர் 'கெழுதகைமை' என்பார். ஆதலின், கான்கெழு நிலம் என்பது மரங்கள் மிகுந்த இடம் மட்டுமன்று; காட்டோடு நீங்காத நட்புப் பூண்ட நிலமாகும்.

அச்சாலை சென்று சேரும் செங்கமே பழைய செங்கண்மா. அவ்வூரை ஆண்ட நன்னனிடம் கூத்தரை ஆற்றுப்படுத்தும் மலைபடுகடாம், 583 அடிகளில் இப்பக்கத்து மலைவழிகளை விரித்துரைக்கின்றது.

ஆயினும் அந்நட்பு இடையில் முறிந்தது. விறகுக்காக மரங்கள் வெட்டுண்டன; ஆடுமாடுகள் தளிர்களை மேய்ந்தன; கோடைதோறும் தீ பரவியது. சென்ற நூற்றாண்டின் பிற்பகுதியில் 2,600 அடிக்கு மேல் உயர்ந்த இம்மலையின் பெரும்பகுதி வெறும் பாறையும் புல்லுமாய் நின்றது. 1980களின் பிற்பகுதி முதல் தன்னார்வலர்கள் இம்மண்ணுக்குரிய மரக்கன்றுகளை நட்டு, தோளில் நீர் சுமந்து வளர்த்தனர். கோடைக்கு முன் புல்லைச் செதுக்கித் தீத்தடுப்புப் பாதைகளும் அமைத்தனர். இன்று நாம் நுகர்ந்த மணம் அவர்தம் வியர்வையின் பயன்.

எனினும், அணைக்காமல் எறியும் ஒரு தீக்குச்சி போதும், பல்லாண்டு உழைப்பு ஒரே பகலில் சாம்பலாகிவிடும். காய்ந்த புல் காற்றோடு சேர்ந்தால் தீக்கு எல்லை ஏது?

அன்பு வாசகர்களே, விடுமுறையில் பிள்ளைகளோடு மலைகளுக்குச் செல்லும்போது இச்சொல்லை அவர்களுக்குக் கற்றுக்கொடுங்கள். காடு அழிந்தால் 'கான்கெழு' என்னும் சொல் அகராதியில் மட்டுமே எஞ்சும். அச்சொல்லுக்குரிய பொருளை நிலத்தில் காப்பது நம் இல்லங்களின் கடன் அன்றோ!