சாமி இல்லாத படிகள்

படி ஏறினால் உச்சியில் ஒரு சாமி இருக்க வேண்டும் என்பது நம்மவர் கணக்கு. பழனியின் 693 படிக்கும் முருகன் பொறுப்பு. சிங்கப்பூரின் புக்கிட் பாத்தோக் குன்றில் 120 படி ஏறினால் எதிரே நிற்பது வேலி போட்ட ஒளிபரப்புக் கோபுரம். கும்பிடவும் முடியாது, உள்ளே போகவும் முடியாது. ஆனாலும் காலையில் ஏறுகிறவர்கள் ஏறிக்கொண்டுதான் இருக்கிறார்கள். முழங்காலுக்கு நல்லதென்று முதுகைக் காட்டியபடி இறங்கும் சீனத் தாத்தாக்கள், மூச்சு வாங்கும் இடத்திலெல்லாம் ‘முருகா’ போடும் நம் பாட்டிமார். நானும் பாதியில் நின்றுவிடுகிற ரகம். நிற்கிற நேரத்தில் இந்தப் படிகளைக் கட்டியவர்களை நினைத்துக்கொள்வேன்.

1942 பிப்ரவரி 15 அன்று, இங்கிருந்து நடந்துபோகிற தூரத்தில் உள்ள ஃபோர்டு தொழிற்சாலையில் பிரிட்டிஷார் சரணடைந்தார்கள். பிடிபட்ட பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய வீரர்களை வைத்தே ஜப்பானிய ராணுவம் தன் பக்கம் மாண்டவர்களுக்காகக் குன்றின் மேல் ‘சியோனான் சூரெய்தோ’ என்ற நினைவுத் தூணை எழுப்பியது. மேலே வரும் சாலையும் படிகளும் கைதிகளின் உழைப்புதான்.

தூண் எனக்குப் பெரிதில்லை. அதன் பின்னால் நின்ற சிலுவைதான் மனத்தை விட்டுப் போகமாட்டேன் என்கிறது. எங்கள் ஆட்களுக்கும் ஓர் அடையாளம் வேண்டும் என்று கைதிகள் கேட்டிருக்கிறார்கள். ஜெயித்தவனும் சரி என்றிருக்கிறான். பத்தடி உயர மரச்சிலுவை ஒன்று எழுந்தது. எதிரிக்கு மண் சுமக்கிறவனுக்கு, செத்துப்போன கூட்டாளிக்காக வாய்விட்டுக் கேட்கத் தோன்றியிருக்கிறதே! நடுகல்லில் பெயர் பொறித்து மயிற்பீலி சூட்டியவர்களின் வழிவந்த நமக்கு இது புரியாதா?

1945இல் தோல்வி நெருங்கியதும் ஜப்பானியர் தூணைத் தாங்களே இடித்தார்கள். சிலுவையும் போயிற்று. சாலையும் படிகளும் மிஞ்சின.

அதே ஜப்பான்காரன் காலத்தில்தான் மலாயாத் தோட்டங்களிலிருந்து நம் ஆட்களை ரயில்பாதை போடச் சயாமுக்கு, இன்றைய தாய்லாந்துக்கு, ஏற்றிப் போனார்கள். பர்மா வரை 415 கிலோமீட்டர் தண்டவாளம். 1943 அக்டோபரில் முடிந்தது. அங்கே காஞ்சனாபுரியின் பெரிய போர்க் கல்லறையில், அந்தப் பாதையில் மாண்ட நேசநாட்டுக் கைதிகள் கிட்டத்தட்ட ஏழாயிரம் பேர் வரிசையாக அடங்கியிருக்கிறார்கள், பெரும்பாலோர் பெயரோடு. காலராவிலும் பட்டினியிலும் ஆயிரக்கணக்கில் மாண்ட தமிழர்களுக்கு முழுமையான பெயர்ப் பட்டியல்கூடக் கிடையாது. அவர்களுக்காக ஒரு சிலுவையோ சூலமோ கேட்க அன்று ஆளில்லை. மலேசிய எழுத்தாளர் அ. ரெங்கசாமி அவர்களைப் பற்றி ஒரு நாவல் எழுதினார். தலைப்பு ‘நினைவுச் சின்னம்’. அந்தத் தலைப்புக்கு முழுத் தகுதி உள்ள புத்தகம்.

நாவல் ஒன்று போதாது. உங்கள் குடும்பத்தில் சயாமுக்குப் போய்த் திரும்பாதவர் யாராவது இருந்தால், சொல்லத் தெரிந்த பெரியவர்கள் இருக்கும்போதே கேட்டுவிடுங்கள். பெயர், ஊர், தோட்டம், இந்த மூன்றும் போதும். எழுதி, தேதி போட்டு, பிள்ளைகள் கையில் கொடுத்துவையுங்கள்.