மீதியின் இடம்

ஜூன் 12

பைக்கு 12 எலுமிச்சை வீதம் 5 பைகளில் எத்தனை என்னும் கணக்கில் வரும் இரண்டு எண்களும் ஒரே தன்மையுடையவை அல்ல. 12 என்பது ஒன்றுக்கு இவ்வளவு என்று சொல்லும் வீதம். 5 என்பது அந்த ஒன்று எத்தனை முறை வருகிறது என்பதன் எண்ணிக்கை. இரண்டையும் இடம் மாற்றிப் பெருக்கினாலும் 60 என்றே வருமாயினும், பன்னிரண்டு பைகளில் ஐந்தைந்தாக இருக்கும் எலுமிச்சைகள் வேறொரு காட்சி என்பதை உணர்ந்த குழந்தையே கணக்கைப் படித்ததாகக் கொள்ள வேண்டும்.

ஜூன் 13

வகுத்தலிலும் இரு வகை உண்டு. 60 மாம்பழங்களை 12 பேருக்குச் சமமாகக் கொடுத்தால் ஆளுக்கு எத்தனை என்று கேட்பது பங்கீடு. கூடைக்குப் பன்னிரண்டாக அடுக்கினால் எத்தனை கூடை வேண்டும் என்று கேட்பது அளவீடு. முன்னதில் குழந்தையின் கை ஒவ்வொருவருக்கும் ஒவ்வொன்றாக வைத்துச் சுற்றி வரும். பின்னதில் பன்னிரண்டு பன்னிரண்டாக எடுத்து விலக்கும்.

ஜூன் 16

வகுபடும் எண் முழுதும் பங்காகாமல் எஞ்சுவது மீதி. பங்காக வருவது ஈவு. அமெரிக்காவின் தேசியக் கல்வி மதிப்பீட்டில் பதின்மூன்று வயது மாணவரிடம், ஒரு பேருந்தில் 36 வீரர்கள் ஏறலாம் எனில் 1128 வீரர்களுக்கு எத்தனை பேருந்துகள் வேண்டும் என்று கேட்கப்பட்டது; 1983-இல் வெளிவந்த முடிவின்படி, ஏறத்தாழ 70 விழுக்காட்டினர் வகுத்தலைச் சரியாகச் செய்தும், 32 என்ற விடையைத் தந்தவர் 23 விழுக்காட்டினரே. மேலும் 29 விழுக்காட்டினர் 31 பேருந்தும் மீதி 12-உம் என்று எழுதினர். அந்தப் பன்னிரண்டு வீரர்கள் எதில் ஏறுவார்கள் என்ற கேள்வி அவர்களுக்கு எழவில்லை. இது கணக்கிடும் திறனின் குறையன்று. எண் எந்தப் பொருளைக் குறிக்கிறது என்பதை மறக்கும்படி பழக்கிவிட்ட பயிற்சியின் விளைவு என்பதே பொருத்தமான முடிவு. 26-ஐ 4-ஆல் வகுக்கும்போதும் பொருளுக்கேற்ப விடை மாறும்: 26 பேருக்கு நால்வர் ஏறும் படகு 7 வேண்டும், 26 ரூபாய்க்கு நான்கு ரூபாய் மிட்டாய் 6 கிடைக்கும், 26 மீட்டர் கயிற்றை நான்கு துண்டாக்கினால் ஒவ்வொன்றும் ஆறரை மீட்டர் வரும்.

ஜூன் 17

மீதியைச் சிற்றளவாக உடைத்து மீண்டும் பங்கிடும் முறையைப் பழைய முகத்தலளவைகள் தெளிவாகக் காட்டுகின்றன. 2 ஆழாக்கு 1 உழக்கு, 2 உழக்கு 1 உரி, 2 உரி 1 நாழி, 8 நாழி 1 மரக்கால், 12 மரக்கால் 1 கலம் என்பது வாய்பாடு. ஆகவே கலம் என்பது 96 நாழி. 2, 3, 4, 6, 8, 12, 16 ஆகியவற்றால் மீதியின்றி வகுபடுவதால் கூலிப் பங்கீட்டுக்கு நூற்றைவிட இணக்கமான எண். ஏழு பேருக்குப் பிரிக்கும்போதுதான் சிக்கல்: ஆளுக்கு 13 நாழி போக 5 நாழி எஞ்சும், அதை 10 உரியாக்கினால் ஆளுக்கு 1 உரி போக 3 உரி நிற்கும், அது 6 உழக்கு மட்டுமே ஆவதால் உழக்காகப் பங்கிட முடியாமல் 12 ஆழாக்காக மாற, ஆளுக்கு 1 ஆழாக்கு சேர்ந்து 5 ஆழாக்கு மீதியாகும். தசம வகுத்தலில் மீதிக்கு வலப்புறம் ஒரு சுழியம் சேர்த்து மேலும் வகுப்பதும் இதே செயல்தான். அங்கே ஒவ்வொரு அளவும் பத்துச் சிற்றளவுகளாக உடைகிறது.