காதில் ஆம்ஸ்டர்டாம், கண்ணில் பங்கோர்

கடந்த ஆண்டு மே மாதம் வேலைப் பயிற்சிக்காக நெதர்லாந்து போயிருந்தேன். ஐந்து நாள் பயிற்சி முடிந்து ஒரு சனிக்கிழமை எனக்கு மீதம் இருந்தது. உடன் வந்தவர்கள் பாரிஸுக்கு ரயில் ஏறிவிட்டார்கள். நான் ஆம்ஸ்டர்டாமில் தனியாக நின்றேன். வழிகாட்டியோடு ஊர் சுற்ற எவ்வளவு ஆகும் என்று விசாரித்து, அதை வெள்ளிக்கு மாற்றிப் பார்த்ததும் ஆசை அடங்கிவிட்டது.

தங்கியிருந்த விடுதியின் முகப்பில் இருந்த பெண்தான் அந்த யோசனையைச் சொன்னாள். கைப்பேசியில் ஒரு செயலியை இறக்கிக்கொண்டு, காதில் இயர்ஃபோனை மாட்டிக்கொண்டு நடக்க வேண்டியதுதான். நாம் எங்கே நிற்கிறோம் என்று செயலி தெரிந்துகொள்ளும். அந்த இடத்தின் கதையை ஒரு குரல் காதில் சொல்லும். களைத்துப் போனால் நிறுத்திவிட்டுக் காப்பி குடிக்கலாம். கொடி பிடித்தபடி முன்னால் ஓடும் வழிகாட்டியை விரட்ட வேண்டாம். காசும் இல்லை.

காலை பத்து மணிக்கு மத்திய ரயில் நிலையத்தின் வாசலில் நடையைத் தொடங்கினேன்.

அழுகைக் கோபுரமும் ரஜூலா கப்பலும்

ஐந்து நிமிட நடையில் முதல் நிறுத்தம். நீர்க்கரையோரம் உருண்டையாக ஒரு பழைய செங்கல் கோபுரம். 15ஆம் நூற்றாண்டில் நகர மதிலின் ஒரு பகுதியாகக் கட்டியது. கப்பலேறிப் போகும் கணவன்மாரை வழியனுப்ப வந்த பெண்கள் இங்கே நின்று அழுததால் இதற்கு 'அழுவோர் கோபுரம்' என்று பெயர் வந்ததாம். இரண்டு மதில்கள் கூர்மையாகச் சந்திக்கும் மூலை என்பதால் வந்த பெயர்தான் காலப்போக்கில் இப்படித் திரிந்தது என்று சொல்கிறவர்களும் உண்டு என, காதில் பேசியவர் நேர்மையாகவே சொன்னார்.

எனக்கு முதல் கதைதான் பிடித்தது. என் தாத்தா நாகப்பட்டினத்தில் ரஜூலா கப்பல் ஏறிப் பினாங்கில் இறங்கியவர். அவரை அனுப்பிவிட்டு அவருடைய அம்மா துறைமுகத்து மணலில் உட்கார்ந்து அழுதாராம். அந்த மணலில் கோபுரமும் இல்லை, அந்தக் கதையைச் சொல்ல ஒரு குரலும் இல்லை.

அங்கிருந்து செயலி என்னைக் குறுகிய தெருக்களுக்குள் கூட்டிப் போனது. வீடுகள் எல்லாம் தெருப் பக்கம் லேசாகச் சாய்ந்திருந்தன. உச்சியில் ஓர் உத்தரம், அதில் ஒரு கொக்கி. மாடிப்படி குறுகலாக இருப்பதால், சாமான்களைக் கயிறு கட்டி வெளியிலிருந்தே மேலே இழுப்பார்களாம். இழுக்கும்போது சுவரில் இடிக்கக் கூடாது என்பதற்காகத்தான் அந்தச் சாய்வு. காதில் சொல்லாமல் இருந்திருந்தால், அஸ்திவாரம் சரியில்லாத வீடுகள் என்று நினைத்துக் கடந்து போயிருப்பேன்.

இன்னும் கொஞ்ச தூரத்தில், கால்வாய் ஓரமாக அரண்மனை போல ஒரு வீடு. ஆயுத வியாபாரம் செய்த டிரிப் சகோதரர்கள் 1660களில் கட்டியது. அதன் புகைபோக்கிகளைப் பீரங்கிக் குழாய் வடிவத்திலேயே செய்து வைத்திருக்கிறார்கள். அண்ணாந்து பார்க்கச் சொன்னது குரல். பார்த்தேன், சிரித்தேன். பக்கத்தில் போன யாரும் அண்ணாந்து பார்க்கவில்லை.

எழுதிய கல்லில் இருந்த எழுத்து

அடுத்த நிறுத்தம்தான் என்னை நிறுத்தியது. செங்கல் கட்டடம், நடுவில் முற்றம், சைக்கிள் நிறுத்திவிட்டு ஓடும் மாணவர்கள். இன்று ஆம்ஸ்டர்டாம் பல்கலைக்கழகத்தின் இடம். அன்று டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் தலைமையகம். 1602இல் தொடங்கிய கம்பெனி அது. 17 இயக்குநர்கள் கூடி உட்கார்ந்து, எந்தக் கடலுக்கு எத்தனை கப்பல், எந்த ஊரில் எந்தச் சரக்கு என்று முடிவு செய்தது இங்கேதான்.

கைப்பேசித் திரையில் அந்தக் கம்பெனியின் முத்திரை வந்தது. பெரிய 'வி'. அதன் இரு கைகளிலும் 'ஓ'வும் 'சி'யும். வி.ஓ.சி.!

வெள்ளைக்காரக் கம்பெனிக்கு எதிராகத் தூத்துக்குடியில் கப்பல் விட்ட நம்முடைய வ.உ.சி.தான் முதலில் நினைவுக்கு வந்தார். சிரித்துக்கொண்டேன். 1658இல் அதே தூத்துக்குடியையும் நாகப்பட்டினத்தையும் போர்த்துகீசியரிடமிருந்து பிடித்ததும் இந்த வி.ஓ.சி.தான். அடுத்த நொடியே வேறொன்று உறைத்தது. இந்த மூன்றெழுத்தை நான் சின்ன வயதிலேயே ஒரு பாறையில் பார்த்திருக்கிறேன். எங்கள் லூமுட்டுக்கு எதிரே இருக்கும் பங்கோர் தீவில், தெலுக் கெடுங்கில்.

காதில் இருந்தவர் பத்தாவியா என்றார், இலங்கை என்றார், மலாக்கா என்றார். பங்கோர் வரவில்லை. அவரைக் குறை சொல்ல முடியாது. உலகம் முழுக்கக் கிடங்கு வைத்திருந்த கம்பெனிக்குப் பங்கோர் ஒரு சிறு புள்ளி.

முற்றத்தில் நின்றபடியே அப்பாவை அழைத்தேன். ஊரில் மாலை ஐந்து மணி தாண்டியிருந்தது.

"அப்பா, பங்கோர் கோட்டையைக் கட்டினவங்க ஆபீஸ் வாசல்ல நிக்கிறேன்."

"அட! நம்ம கோட்டைக்காரனா? இன்னும் கடை தொறந்து வச்சிருக்கானா?"

"1799லயே மூடியாச்சு."

"பின்னே, ஈயத்தை அடிமாட்டு வெலைக்குக் கேட்டா எவன் குடுப்பான்? அந்தக் கோட்டையில உங்கம்மா ஒரு தடவை செருப்பைத் தொலைச்சா, தெரியுமா?"

எனக்குத் தெரியாது. கதையைச் சொல்லத் தொடங்கினார். இணைப்பு விட்டு விட்டு வந்தது. அப்புறம் அறுந்துவிட்டது.

முன்பின் தெரியாத ஒருவரின் குரலைக் காலையிலிருந்து ஒன்றரை மணி நேரம் கேட்டிருந்தேன். அம்மா இறந்து மூன்று ஆண்டுகள் ஆகின்றன. நூற்றுக்கணக்கான படங்கள் என்னிடம் இருக்கின்றன. குரல்? ஒரு பிறந்தநாள் காணொளியில், "கேக்கை நேரா வெட்டு" என்று சொல்லும் மூன்று வார்த்தைகள் மட்டும். முற்றத்துப் படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டேன். மீதி நடையை நான் நடக்கவில்லை.

அப்பாவோடு ஒரு நடை

ஊர் திரும்பிய இரண்டாவது ஞாயிற்றுக்கிழமை அப்பாவை லூமுட் படகுத்துறைக்குக் கூட்டிப் போனேன். அப்பாவுக்கு 71 வயது. சித்தியவான் பக்கத்து ரப்பர்த் தோட்டத்து லயத்தில் பிறந்தவர். தோட்டம் துண்டு துண்டாக விற்கப்பட்டபோது குடும்பம் வெளியே வந்தது. அப்பா லூமுட்டில் ஐஸ் லாரி ஓட்டினார். படகுத்துறையில் மீன் பெட்டி இறங்கும் ஒவ்வோர் இடமும் அவருக்கு அத்துப்படி. சட்டைப் பையில் கைப்பேசியைப் பதிவில் போட்டு வைத்தேன். "நீங்க பாட்டுக்கு நடங்க, தோணுறதைச் சொல்லுங்க" என்றேன்.

ஃபெரி கிளம்பியதும் கப்பற்படைத் தளத்தின் சாம்பல் நிறக் கப்பல்கள் தெரிந்தன. இந்தக் கடலில்தான், 1874 ஜனவரி 20இல், புளூட்டோ என்ற ஆங்கிலேயக் கப்பலில் பங்கோர் ஒப்பந்தம் கையெழுத்தானது. பேராக் ஆட்சியில் ஆங்கிலேய ஆலோசகர் வந்து உட்கார்ந்தார். லூமுட்டும் பங்கோரும் அடங்கிய திண்டிங்ஸ் பகுதி ஆங்கிலேயர் கைக்குப் போய், 1935இல்தான் பேராக்கிடம் திரும்பியது. 1877இல் கோலகங்சாரில் ரப்பர் கன்றுகளை நட்டார்கள். அந்த மரங்கள் பெருகிப் பால் வெட்ட ஆள் தேவைப்பட்டபோது என் தாத்தாவைப் போன்றவர்கள் கப்பலேறினார்கள். நான் லூமுட்காரியாகப் பிறந்ததற்கு இந்தக் கடலில் போட்ட அந்தக் கையெழுத்தும் ஒரு காரணம்.

"இது பள்ளிக்கூடப் பாடம். எனக்கு வேற கதை இருக்கு" என்றார் அப்பா.

சுங்கை பினாங் கெச்சில் நிறுத்தத்துக்கு வருவதற்கு முன் அவர் தொடங்கினார். மாசி மகத்துக்குப் பங்கோர் பத்ரகாளியம்மன் கோயிலுக்குத் தோட்டத்திலிருந்து லாரி வருமாம். ஆட்டுப்பால் வாசனையைவிட ரப்பர்ப் பால் வாசனை தூக்கும் லாரி. பெண்கள் ஒரு பக்கம், ஆண்கள் ஒரு பக்கம். கோயில் கடலைப் பார்த்து நிற்கும். இரவு மணலிலேயே படுக்கை. ஒரு வருடம் திரும்பும் படகில் கூட்டம் தாங்காமல், மஞ்சள் தாவணி கட்டிய ஒரு பெண் தன் தம்பியைத் தவறவிட்டு அழுதுகொண்டு நின்றாளாம்.

"தம்பியைத் தேடிக் கொண்டாந்து விட்டேன். தேங்க்ஸ்கூடச் சொல்லலை, உங்கம்மா."

அதற்கு மேல் அவர் சொன்னது பதிவில் இல்லை. படகோட்டி இயந்திரத்தை முடுக்கிவிட்டார். முழுக்க இரைச்சல். அன்று மாலை இன்னொரு தடவை சொல்லச் சொன்னேன். "ஒரு தடவை சொன்னாச்சுலா" என்று சிரித்துக்கொண்டே மறுத்துவிட்டார்.

பங்கோர் நகரில் இறங்கி, இளஞ்சிவப்பு வேன் ஒன்றைப் பிடித்துத் தெலுக் கெடுங் போனோம். கூரையில்லாத செங்கல் சுவர்கள் நான்கு பக்கமும் நிற்கின்றன. பேராக் ஈயத்தைச் சேர்த்து வைக்க 1670இல் டச்சுக்காரர்கள் அமைத்த கோட்டை இது. 1689இல் இங்கே வந்த வில்லியம் டாம்பியர் என்ற ஆங்கில மாலுமி தன் பயண நூலில் ஒரு விருந்தைப் பற்றி எழுதியிருக்கிறார். கோட்டைக்கு வெளியே கோட்டைத் தலைவர் விருந்தாளிகளோடு சாப்பிட உட்கார்ந்திருக்கிறார். "மலாய்க்காரர்கள்!" என்று ஒரு சிப்பாய் கத்தியதும், ஒரு வார்த்தை பேசாமல் சன்னல் வழியாகக் குதித்துக் கோட்டைக்குள் ஓடிவிட்டாராம்.

அப்பாவுக்குச் சிரிப்பு அடங்கவில்லை. "சோத்தைப் போட்டுட்டு ஓடியிருக்கான் பாரு! கேட்டுக்கிட்டு வராம எடுத்துக்கிட்டு வந்தா அப்படித்தான், உட்கார்ந்து ஒரு வாய் நிம்மதியா சாப்பிட முடியாது." ஆம்ஸ்டர்டாம் குரல் சொல்லாத விளக்கம் அது. மறு ஆண்டே கோட்டை தாக்கப்பட்டது. 1743இல் டச்சுக்காரர்கள் திரும்ப வந்து சீர்செய்து, 1748இல் விட்டுப் போனார்கள். இப்போது நாம் பார்ப்பது 1973இல் அரும்பொருளகத் துறை சீரமைத்த சுவர்கள்.

கொஞ்ச தூரம் நடந்தால் 'பத்து பெர்சூராட்', எழுதிய கல். பெரிய பாறையில் ஒரு புலி, 1743 என்ற ஆண்டு, அந்த வி.ஓ.சி. முத்திரை. டச்சுக்காரர் ஒருவரின் குழந்தையைப் புலி தூக்கிப் போன சோகத்தில் செதுக்கியது என்பது ஊர்க்கதை. கைப்பேசியில் ஆம்ஸ்டர்டாம் முற்றத்தின் படத்தை அப்பாவிடம் காட்டினேன். பாறையையும் படத்தையும் மாறி மாறிப் பார்த்தார்.

"அங்க உட்கார்ந்து கணக்கு எழுதினவனுக்கு இங்க ஒரு புள்ளையைப் புலி தூக்கினது தெரிஞ்சிருக்குமா?" என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை.

செருப்புக் கதையையும் அங்கேயே வாங்கிக்கொண்டேன். கல்யாணமான புதிதில் வந்தபோது அம்மா கோட்டைச் சுவருக்கு வெளியே செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு உள்ளே போனாராம். கோயில் மாதிரி நினைத்துவிட்டார். திரும்பி வந்தால் செருப்பைக் காணோம். படகுத்துறை வரை அப்பாவின் செருப்பைப் போட்டுக்கொண்டு அம்மா நடக்க, அப்பா வெறுங்காலோடு வந்தாராம். இது பதிவில் தெளிவாக இருக்கிறது. இரண்டு நிமிடம் நாற்பது விநாடி.

நீங்களும் செய்யலாம்

ஐரோப்பா போகிறவர்கள் இந்த ஒலி நடையை அவசியம் முயன்று பாருங்கள். விடுதியில் இணையம் இருக்கும்போதே முழு நடையையும் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். ஒரு காதில் மட்டும் மாட்டுங்கள். ஆம்ஸ்டர்டாமில் சைக்கிள்காரர்கள் மணியடித்துக்கொண்டே வருவார்கள், நின்று வழிவிட மாட்டார்கள். கைப்பேசிக்கு மின்னூட்டக் கட்டை வேண்டும். காலுக்கு நல்ல காலணி வேண்டும்.

ஆனால் அதற்கு முன், விமானச் சீட்டு தேவைப்படாத ஒரு நடை இருக்கிறது. உங்கள் பெற்றோர் வளர்ந்த தோட்டம் இப்போது செம்பனைக் காடாகவோ வீடமைப்புப் பகுதியாகவோ மாறியிருக்கலாம். பெரட்டுக் களம் எங்கே, பால் கொட்டாய் எங்கே, கோயில் எங்கே என்று அந்த இடத்தில் நிற்கும்போதுதான் அவர்களுக்கு நினைவு வரும். வீட்டு நாற்காலியில் உட்கார்ந்து கேட்டால் "என்னத்தைச் சொல்ல?" என்பார்கள். கூட்டிப் போய் நடக்க விடுங்கள். ஓர் இடத்துக்கு ஒரு பதிவு, இரண்டு மூன்று நிமிடம் போதும். இயந்திரச் சத்தத்துக்கு அருகில் மட்டும் பதியாதீர்கள். அன்றிரவே இடத்தின் பெயரையும் தேதியையும் போட்டு, இன்னோர் இடத்திலும் ஒரு பிரதி வையுங்கள்.

எங்கள் லூமுட்–பங்கோர் நடையில் இப்போது ஒன்பது நிறுத்தங்கள் இருக்கின்றன. ஒன்றில் வெறும் இயந்திர இரைச்சல். அதையும் நான் அழிக்கவில்லை. அந்த இரைச்சலுக்குள் அப்பா அம்மாவைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறார்.

போன வாரம் அப்பாவின் காதில் இயர்ஃபோனை மாட்டி அதைப் போட்டுக் காட்டினேன். கண்ணை மூடிக் கொஞ்ச நேரம் கேட்டார். பிறகு ஒன்றைக் கழற்றிக் கேட்டார்:

"யாரும்மா இது? கெழவன் நல்லாத்தான் கதை சொல்றான்."