இறக்கத்துக்கும் ஓர் அனுமதிப்பத்திரம்

இலங்கையில் பெரிய பஸ் ஓட்ட டி வகுப்பு அனுமதிப்பத்திரம் வேண்டும்; 33 ஆசனம் வரையான சிறிய பஸ்ஸுக்கு டி1 போதும். தேசிய போக்குவரத்து மருத்துவ நிறுவகம் உடம்பைப் பார்த்துச் சான்றிதழ் தரும். மோட்டார் போக்குவரத்துத் திணைக்களம் எழுத்துப் பரீட்சையும் ஓட்டப் பரீட்சையும் வைக்கும். இவை எல்லாம் தேவைதான். ஆனால் ஓட்டிக் காட்டும் அந்தக் கொஞ்ச நேரத்தில் பத்து மைல் இறக்கம் வராது, பனிமூட்டம் வராது, பின்சீட்டில் ரபான் அடித்துப் பாடும் பிள்ளைகளும் இருக்க மாட்டார்கள். அதில் சித்தியடைந்த ஒருவர் அடுத்த விடுமுறையிலேயே ஐம்பது மாணவர்களை ஏற்றிக்கொண்டு நுவரெலியாவிலிருந்து இரவில் இறங்கலாம். அவர் கையிலுள்ள அட்டையில் அதைத் தடுக்க ஒரு வரியும் இல்லை. பஸ் ஓட்டத் தெரியும் என்பதற்கு டி வகுப்பு சான்று. பிள்ளைகளை மலையேற்றி இறக்கத் தெரியும் என்பதற்குத் தனியாக ஒரு சான்று வேண்டும் என்பதே ஸ்டியரிங் பிடித்துப் பிழைக்கும் எங்கள் பக்கத்திலிருந்து நான் சொல்ல வருவது.

நடந்தவற்றைப் பார்ப்போம். 2023 ஜனவரி 20 அன்று நானுஓயா ரதல்ல குறுக்கு வீதியில், கொழும்பிலிருந்து கல்விச் சுற்றுலா வந்த மாணவர்களின் பஸ் இறக்கத்தில் ஒரு வானையும் முச்சக்கரவண்டியையும் மோதிக்கொண்டு பள்ளத்தில் விழுந்தது. ஏழு பேர் இறந்தார்கள். ஏழு பேரும் எதிரே வந்த வானிலும் முச்சக்கரவண்டியிலும் இருந்தவர்கள். 2025 மே 11 விடியற்காலையில் கொத்மலை கெரண்டி எல்லவில் கதிர்காமத்திலிருந்து குருநாகல் போன இ.போ.ச. பஸ் கவிழ்ந்து இருபதுக்கும் மேற்பட்டோர் போனார்கள். அதே ஆண்டு செப்டெம்பர் 4 இரவு, எல்ல - வெல்லவாய வீதியில் தங்காலை நகரசபை ஊழியர்கள் வந்த சுற்றுலா பஸ் பள்ளத்தில் பாய்ந்து 15 பேர் மாண்டார்கள். மூன்றும் மலைப்பாதை. இரண்டு சுற்றுலாப் பயணம். மூன்றும் வெளிச்சமில்லாத வேளை. எந்தச் சாரதி மேலும் நான் இங்கே பழி போட வரவில்லை. மலைப்பாதை, வெளியூர் வண்டி, அகால நேரம் ஆகியவை சேரும்போது தனித் திறமை தேவைப்படுகிறது. அந்தத் திறமையை யாரும் சோதிப்பதில்லை.

அது என்ன திறமை? ஹட்டன் நாலாயிரம் அடிக்கு மேலே இருக்கிறது. வட்டவளை, கினிகத்தேனை தாண்டி கிதுல்கலைக்கு வரும்போது அந்த உயரத்தில் பெரும்பகுதியை இறங்கி முடித்திருப்போம். நோட்டன் பிரிட்ஜ், லக்ஷபான வழியாகப் பொல்பிட்டியவுக்கு இறங்கும் பாதை இன்னும் ஒடுக்கம். 1969இல் இங்கே மின்நிலையம் கட்டியதே தண்ணீர் அவ்வளவு உயரத்திலிருந்து விழுகிறது என்பதற்காகத்தான். தண்ணீரைத் தள்ளுகிற அதே சரிவு பஸ்ஸையும் தள்ளும். ஏறுவதற்கு எந்தக் கியர் வேண்டுமோ இறங்குவதற்கும் அதே கியர் என்பது மலைச் சாரதியின் முதல் பாடம். அந்தக் கியரை வளைவுக்கு வந்தபின் தேடக் கூடாது, சரிவு தொடங்கும் முன்பே போட்டுவிட வேண்டும். வேகத்தை எஞ்சின் பிடிக்கும், எக்ஸோஸ்ட் பிரேக் இருந்தால் அதுவும் பிடிக்கும். கால் பிரேக் கடைசி உதவி. சமதரைச் சாரதி இதை மாற்றிச் செய்வார். மேல் கியரிலேயே விட்டு, வளைவுக்கு வளைவு பிரேக்கை மிதிப்பார். லைனிங் சூடேறும், கருகிய வாடை வரும், அதன்பின் எவ்வளவு மிதித்தாலும் பிடிப்பு குறையும். எயார் பிரேக் வண்டியில் இன்னொரு சிக்கல்: அடிக்கடி மிதித்தால் டாங்கியில் காற்று இறங்கும், குறைந்த சுற்றில் ஓடும் எஞ்சின் அதை உடனே நிரப்பாது. மீட்டரின் முள் இறங்குவதைப் பார்க்கத் தெரிந்தவர் வண்டியை ஓரங்கட்டி ஆறவிடுவார். பார்க்கத் தெரியாதவருக்கு பஸர் அடித்த பிறகுதான் புரியும். டீசலை மிச்சப்படுத்த நியூட்ரலில் உருட்டுகிறவர்களைப் பற்றி என்ன சொல்ல, அவர்கள் மிச்சப்படுத்துவது சில நூறு ரூபாய்.

பிள்ளைகள் ஏறினால் வேலை இரட்டிக்கிறது. பெரியவர்கள் களைத்தால் தூங்கிவிடுவார்கள். பிள்ளைகள் எழுந்து ஆடுவார்கள், ஒரே பக்க யன்னலுக்குப் பாய்வார்கள். வளைவில் அந்தப் பாரம் ஸ்டியரிங்கில் தெரியும். பாட்டை நிறுத்தச் சொல்லத் தேவையில்லை, சரிவு முடியும்வரை உட்காரச் சொல்ல வேண்டும். அதை ஆசிரியர் சொன்னால்தான் எடுபடும். ஆகவே புறப்படும் முன்பே ஆசிரியரிடம் பேசிவைப்பதும் ஓட்டுகிற வேலையில் சேர்த்திதான். நேர அட்டவணையோ இன்னும் மோசம். தோட்டப் பாடசாலைப் பிள்ளைகளுக்கு ஒரே நாளில் தெஹிவளை மிருகக்காட்சிசாலை, காலிமுகத்திடல், கோயில் எல்லாம் காட்ட வேண்டும், தங்கக் காசில்லை. நள்ளிரவுக்குப் பின் புறப்பட்டு, மறுநாள் நள்ளிரவில் திரும்புகிறார்கள். பகல் முழுக்க வெயிலில் பஸ்ஸுக்குள் கண்ணயர்ந்ததைச் சாரதியின் ஓய்வு என்று கணக்கெழுதுகிறோம். ஐரோப்பாவில் நாலரை மணி நேரம் ஓட்டினால் முக்கால் மணி நேர இடைவேளை கட்டாயம், நாளொன்றுக்குப் பொதுவாக ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓட்ட முடியாது.

மற்ற நாடுகள் இதை எப்போதோ பிரித்துவிட்டன. அமெரிக்காவில் பாடசாலை பஸ் ஓட்டுபவர் கனரக அனுமதிப்பத்திரத்தின் மேல் பயணிகளுக்கு ஒன்றும் பாடசாலை பஸ்ஸுக்கு ஒன்றுமாக இரண்டு மேற்குறிப்பு வாங்க வேண்டும். இந்தியாவில் உச்ச நீதிமன்றம் 1997இலேயே பாடசாலை பஸ் சாரதிக்குக் கனரக வாகனத்தில் ஐந்தாண்டு அனுபவம் வேண்டுமென்றது. உத்தரகாண்டில் மலைப்பாதையில் வாடகை வண்டி ஓட்ட அனுமதிப்பத்திரத்தில் மலைக்கென்றே தனி முத்திரை உண்டு. நீலகிரியின் கல்லட்டிப் பாதையில் வெளியூர் வண்டிகளை இறங்கவே விடுவதில்லை. நம்மிடம் ரதல்லவுக்குப் பின் அந்த ஒரு வீதியில் கனரக வாகனங்களைத் தடுத்தார்கள். வீதியை மூடினோம், சாரதியைப் பற்றி யோசிக்கவில்லை.

எங்கள் ஆட்களே மறுப்பார்கள். 'இருபது வருசம் ஓட்டுறோம், இனி யார் எங்களுக்குச் சொல்லித் தாறது?' என்பார்கள். அவர்களுக்கு ஒரு நாள் சோதனை பாரமில்லை. சான்று அவர்களுடைய கூலியைத்தான் உயர்த்தும். இது தடுக்க வேண்டியது அவர்களையல்ல, அவர்களுக்குப் பதிலாகக் குறைந்த விலைக்கு வருகிறவரை. இன்னொரு மறுப்பு கனமானது: செலவு ஏறினால் முதலில் நிற்பது தோட்டப் பிள்ளைகளின் சுற்றுலாதான். உண்மை. அதனால் கட்டணத்தைப் பெற்றோர் தலையில் கட்டக் கூடாது. மாணவர்களை ஏற்றும் சிசு செரிய பஸ்ஸுக்கு அரசு மானியம் கொடுக்கும்போது சாரதியின் இரண்டு நாள் பயிற்சிக்கும் கொடுக்கலாம். ஹட்டன், நுவரெலியா டிப்போக்களில் சொல்லித்தரத் தகுதியானவர்கள் இருக்கிறார்கள். சான்றையும் காசுக்கு வாங்குவார்கள் என்பவர்களுக்கு என்னிடம் முழுப் பதில் இல்லை. சோதனையை அலுவலக மைதானத்தில் வைக்காமல், ஆசனங்களில் மணல் மூட்டை ஏற்றி கினிகத்தேனை இறக்கத்திலேயே வைத்தால் ஏமாற்றுவது கொஞ்சம் சிரமமாகும். வண்டியும் வீதியும்தானே காரணம் என்றால், அவற்றையும் திருத்தட்டும். ஆனால் பாதுகாப்பு வேலி போட வருடக்கணக்காகும், பயிற்சிக்கு ஒரு விடுமுறை போதும்.

சட்டம் வரும்வரை அதிபர்களுக்கும் பெற்றோருக்கும் ஒரு வேண்டுகோள். பஸ் பேசும்போது வாடகையையும் டிவி இருக்கிறதா என்பதையும் மட்டும் கேட்காதீர்கள். வரப்போகும் சாரதியின் பெயரைக் கேளுங்கள். அவர் இந்தப் பாதையில் கடைசியாக எப்போது இறங்கினார், முந்தின இரவு எங்கே ஓட்டினார், மாற்றுச் சாரதி உண்டா என்று கேளுங்கள். பதில் சொல்ல முடியாத முதலாளியின் பஸ்ஸை வேண்டாமென்று சொல்லிவிடுங்கள்.