சிறை உடைத்த கதை

சாரத்தில், காமராஜ் சாலையை அடுத்த ஒரு மாடி அறையில் என் அக்காள் மகன் குடியிருக்கிறான். 2020 பிப்ரவரிக் கடைசியில் ஓர் இரவு, அங்கே திருட்டுக்குத் துணைபோனவனைப்போல் உட்கார்ந்திருந்தேன்.

சமாசாரம் இதுதான். பாரீஸிலிருந்து மைத்துனர் கொண்டுவந்து கொடுத்த ஐபோன் 6-இல், ஒலிப்பதிவுச் செயலி ஒன்றில் அம்மா வத்தக்குழம்புப் பக்குவம் சொல்லியிருந்தாள். 2017-இல் வந்த ஐஓஎஸ் 11 பழைய 32-பிட் செயலிகளை ஒரேயடியாகக் கைவிட்டது. தெரியாமல் புதுப்பித்துவிட்டேன். செயலியின் படம் இருக்கிறது; தொட்டால் திறப்பதில்லை. மறு வருஷம் அம்மாவும் போய்விட்டாள்.

"ஜெயில்பிரேக் பண்ணினால் உள்ளே போய் எடுத்துவிடலாம், மாமா" என்றான் பையன்.

"தப்பில்லையாடா?"

"அமெரிக்காவில் 2010-லேயே பதிப்புரிமைச் சட்டத்தில் இதற்கு விலக்குக் கொடுத்துவிட்டார்கள்."

அமெரிக்கச் சட்டத்துக்கும் சாரத்துக்கும் என்ன சம்பந்தம் என்று நான் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும், ஆசை விடவில்லை.

அவனிடம் இருந்ததோ லினக்ஸ் போட்ட பழைய கம்ப்யூட்டர். லினக்ஸுக்கு ஆப்பிள் ஐடியூன்ஸ் தந்ததே இல்லை. ஐபோன் கேபிளில் பேசும் பாஷையை ஆர்வலர்கள் தாங்களே துப்பறிந்து, 'லிப்ஐமொபைல்டிவைஸ்' என்று எழுதி வைத்தார்கள். 2013-இல் 'இவேஷன்' என்ற உடைப்புக் கருவி விண்டோஸ், மாக், லினக்ஸ் மூன்றுக்கும் வந்தது. அடுத்து வந்த 'பாங்கு', 'டைஜி' என்ற சீனக் கருவிகள் லினக்ஸைத் திரும்பிப் பார்க்கவில்லை. பிறகு, 2019 செப்டம்பரில் 'செக்மேட்' என்ற ஓட்டை வெளிப்பட்டது. அது இருப்பது தொழிற்சாலையிலேயே சில்லில் பொறித்துவிடும் முதல் நிரலில். ஆகவே விற்றுப்போன போனில் ஆப்பிளே நினைத்தாலும் அடைக்க முடியாது! அந்த ஓட்டை வழியே நுழையும் 'செக்ரெயின்' நவம்பரில் மாக்குக்கு வந்தது, பிப்ரவரியில் லினக்ஸுக்கு. விண்டோஸுக்கு வரவேயில்லை. காசில்லாமல் லினக்ஸ் போட்டவனுக்கு இதில் கொஞ்சம் கர்வம், இருக்கட்டுமே.

இரண்டு பொத்தான்களைச் சேர்த்து அழுத்தி, எண்ணி, ஒன்றை மட்டும் விட வேண்டும். முதல் தடவை தவறியது. திரை கறுத்தது. அம்மாவை இரண்டாம் முறை பறிகொடுத்தேன் என்றே நினைத்தேன். மறுதடவை வெள்ளை எழுத்துக்கள் சரசரவென்று ஓடின.

"போனை அணைத்துவிடாதீர்கள், மாமா. அணைத்தால் பூட்டு பழையபடி விழுந்துவிடும். மறுபடி முதலிலிருந்து செய்ய வேண்டும்."

கோப்பு கம்ப்யூட்டருக்கு வந்தது. ஓட விட்டான். இருமல். பாத்திரம் ஒன்று உருண்டது.

"ஓடுதாடா இது?" என்றாள் அம்மா.

பையன் எழுந்துபோய் மின்விசிறியை நிறுத்தினான்.