கத்தரிக்கோலும் மனச்சாட்சியும்

விழா மலருக்குக் கட்டுரையொன்று தருமாறு பழைய மாணவர் சங்கத்தார் பணித்தபோது, கல்லூரியில் நடந்த ஒரு சொற்போரே என் நினைவில் முதலில் எழுந்தது. ‘திரைப்படத்துக்குத் தணிக்கை வேண்டும்’ என்பது பொருள். வேண்டுமென்ற கட்சியில் நின்று வாதாடி வெற்றியும் பெற்றேன். அன்று கிடைத்த கைதட்டலுக்கு நான் உரியவன்தானா என்பதை இவ்வயதில் ஆராய விழைகின்றேன்.

கினிகத்தேனையில் பிறந்த எங்களுக்குப் படப்பிடிப்பு தூரத்துச் சங்கதியன்று. ஊரிலிருந்து அவிசாவளை வீதியில் மலையிறங்கினால் கித்துல்கல. 1957இல் வெளியாகி ஏழு ஒஸ்கார் விருதுகள் பெற்ற ‘குவாய் நதிப் பாலம்’ அங்கே களனி கங்கைக் கரையில் எடுக்கப்பட்டதென்பதை யாவரும் அறிவர். இத்தாலிய நெறியாளர் செர்ஜியோ மார்ட்டினோ 1978இல் வெளியிட்ட ‘நரமாமிச தெய்வத்தின் மலை’ என்னும் படத்துக்கும் இலங்கைக் காடுகளே களமாயின என்பதை அறிந்தோர் சிலரே. நம் காடு அதிலே நியூகினியாக வேடம் பூண்டது. பழங்குடி மக்கள் மனிதரைத் தின்போராகச் சித்திரிக்கப்பட்டனர்.

இரத்தத்தையும் நிர்வாணத்தையும் காட்டிப் பொருளீட்டும் இத்தகைய படங்கள் அக்காலத்து இத்தாலியில் மலிந்திருந்தன. அவற்றுள் பெரும் அமளியை விளைவித்தது, ருக்கெரோ டியோடாட்டோ 1980இல் வெளியிட்ட நரமாமிசப் படமொன்று. மிலான் நகரில் அது பறிமுதல் செய்யப்பட்டது. நடிகரையே கொன்று படமெடுத்தார் என்ற பழி எழவே, நெறியாளர் அவர்களை உயிருடன் கொணர்ந்து காட்டவேண்டியதாயிற்று. மனிதக் கொலை நடிப்பே. ஆயின் விலங்குகளைக் கொன்றது மெய். மார்ட்டினோவின் படத்திலும் விலங்குவதை உண்டு. பிரித்தானியாவில் 1980களில் தகாத வீடியோ நாடாக்களின் பட்டியலிற் சேர்ந்த அப்படம், 2001இல் அக்காட்சிகள் நீக்கப்பட்ட பின்னரே அனுமதி பெற்றது. படமெடுக்கையில் மெய்யாக வதைக்கப்பட்ட விலங்கைத் திரையிலே காட்டலாகாது என்பது அந்நாட்டின் 1937ஆம் ஆண்டுச் சட்டம். வாயில்லாத உயிருக்காக வெட்டிய அந்தக் கத்தரிக்கோலை நான் குறை கூறேன். இத்தாலியோ 2021இல் படங்களைத் தடை செய்யும் அதிகாரத்தையே கைவிட்டது.

நம் நாட்டுக் கத்தரிக்கோல் எதை நாடியது? பிரசன்ன விதானகேயின் ‘புரஹந்த களுவர’ என்னும் சிங்களப் படத்திலே, போரில் மாண்ட மகனின் உடலென்று முத்திரையிட்ட பெட்டியொன்று பார்வையற்ற முதியவரிடம் வருகிறது. அவர் நம்ப மறுக்கிறார். புதைத்ததைத் தோண்டித் திறந்தால் உள்ளே வாழைத்தண்டும் கல்லுமே இருக்கின்றன. அங்கே எவ்வுயிரும் வதைக்கப்படவில்லை. எனினும் 2000ஆம் ஆண்டிலே போர்ச்சூழலைக் காரணங்காட்டி அதன் திரையிடல் நிறுத்தப்பட்டது. 2001இல் உயர் நீதிமன்றத்தின் தீர்ப்பாலேயே அது வெளிவந்தது. முன்னையது கொடுமையைத் தடுத்த வெட்டு. பின்னையது உண்மைக்கு அஞ்சிய வெட்டு. சொற்போரில் இவ்விரண்டையும் ஒன்றாகக் கட்டியே நான் வென்றேன்.

வெட்டாமலே மறைப்பதும் உண்டு. சயாம் மரண இரயில்பாதையிலே மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழ்த் தொழிலாளர் ஆயிரமாயிரமாய் மாண்டனர். அப்பாதையின் கதை கூறும் குவாய்ப் படத்தில் அவர்களுக்கு இடமில்லை. தணிக்கையாளர் எவரும் அவர்களை நீக்கவில்லை. எழுதும்போதே விடுபட்டுப் போயினர்.

இதைச் சொல்லிக் குறைப்படும் தகுதி எனக்குண்டா? ஆசிரியனாகத் தோட்டப் பாடசாலையொன்றிலே பணியாற்றிய காலத்தில், மாணவரின் கையெழுத்துச் சஞ்சிகையை மேற்பார்வை செய்தேன். ஒரு மாணவி, கொழுந்து நிறுக்குமிடத்தில் தன் தாய்க்கு நிறை குறைக்கப்படுவதையும், இரவிலே அத்தாய் விரல் மடித்துக் கணக்குப் பார்த்துக் கண்ணீர் விடுவதையும் எழுதியிருந்தாள். பாடசாலைக்கு வீண் வம்பு வருமென அஞ்சி அப்பக்கத்தைச் சிவப்பு மையால் அடித்தேன். அவளுக்கு மலைநாட்டின் இயற்கையழகைத் தலைப்பாகக் கொடுத்தேன். பணிவுடன் எழுதித் தந்தாள். அதன்பின் சஞ்சிகைக்கு அவள் எதையும் எழுதவில்லை.

இன்று அச்சொற்போர் மீண்டும் நடைபெறின், ‘வேண்டுமா, வேண்டாமா’ என்று நான் வாதாடேன். ‘இதனால் நோவது ஓர் உயிரா, அன்றி நம் கௌரவமா?’ என்று மட்டும் கேட்பேன். சஞ்சிகைகளை மேற்பார்வை செய்யும் இளைய ஆசிரியர்களும் சிவப்பு மையைத் தொடுமுன் இவ்வினாவைத் தம்மிடமே கேட்பாராக. அப்பக்கத்தை நான் பிரதி செய்து வைத்தேனல்லேன்.